பெயரை மட்டும் மாற்றினேன்

வாட்ஸ்அப் குழுக்களில் மக்கள் எப்படிப் பழகுகிறார்கள் என்பதுதான் என் முனைவர் பட்ட ஆய்வு. தாராவியில் தையல் வேலை செய்யும் பெண்களின் குழுவில் அனுமதி கேட்டுச் சேர்ந்திருந்தேன். கணவர் அடித்ததைப் பற்றிச் செல்வி அக்கா அங்கே எழுதியதை, பெயரை மட்டும் மாற்றி, அப்படியே ஓர் ஆய்விதழ்க் கட்டுரையில் போட்டேன். இணையத்தில் அதை அவர் மகளே படித்துவிட்டாள்.

அக்கா என்னைக் கூப்பிட்டனுப்பினார்.

“பேர மாத்திட்டா ஆச்சா பிள்ள? நான் பேசுத பேச்ச வச்சே தெருவுல கண்டுபிடிச்சிருவாங்கல்லா? எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருக்கலாம்லா?”

அன்றே கட்டுரையைத் திரும்பப் பெற்றேன்.

“வேறு கட்டுரை வெளியாகும்வரை பட்டம் கிடைக்காது, ஒரு வருஷம் தள்ளிப்போகும்” என்றார் என் கைடு.

“போகட்டும் சார்” என்றேன்.

அதன்பின் ஒவ்வொரு வரியையும் எழுதியவரிடமே வாசித்துக் காட்டிச் சம்மதம் வாங்கினேன். செல்வி அக்கா மட்டும் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை. அவர் வரிகள் இல்லாமலே பட்டம் வாங்கினேன். அதில் எனக்கு வருத்தமில்லை. முதலில் கேட்காமல் போனதில்தான் இன்றும் வருத்தம்.