குன்வோரின் கட்டைவிரல்

குன்வோருக்கு வாய் கொஞ்சம் நீளம். நாற்காலி வடிவமைத்துப் பிழைத்துக்கொண்டிருந்தவளை ஸ்டாக்ஹோம் தொலைக்காட்சிக்காரர்கள் ஒரு நாள் பேசக் கூப்பிட்டார்கள். போனவள் அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். பேருந்து இருக்கை, மருத்துவமனைத் திரைச்சீலை, எதைக் கண்டாலும் கருத்துச் சொல்வாள். வாரம் ஒரு வீட்டுக்குப் போய் அங்கிருப்பதைப் பற்றிப் பேசுவதுதான் நிகழ்ச்சி. ஒப்பனை போடுகிற நான்தான் எல்லாவற்றையும் முதலில் கேட்டாக வேண்டும்.

"மைலிஸ், இந்தப் பவுடர் டப்பா இவ்ளோ அசிங்கமா இருக்கே, யாருடி பண்ணினது?"

"வாயை மூடு. உதட்டுச் சாயம் ஈஷிக்கும்."

இந்த இலையுதிர்காலத்தில் அந்த வாயே அவள் வேலைக்கு உலை வைத்தது. "அந்தம்மா நம்மளத் திட்டத்தான் வருதுன்னு ஜனங்க சொல்றாங்க. இந்த வாரமும் அப்படின்னா இதோட நிறுத்திக்கலாம்" என்று தயாரிப்பாளர் தூர்கெல் சொல்லிவிட்டான். பாவம், அவள் இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை.

அந்த வாரம் நோர்ஷோப்பிங் நகரில் ஒரு வீட்டிலிருந்து நேரலை. வீட்டுக்காரி சோல்வெய் முன்பு பேருந்து ஓட்டியவள். "என் வீட்டைக் கிழிகிழின்னு கிழிச்சிடுவாங்களோ?" என்று என்னிடம் கேட்டாள். கேட்டுக்கொண்டே ஜன்னல் திரைச்சீலையை இழுத்து நேராக்கினாள்.

கேமரா ஓட ஆரம்பித்தது. குன்வோர் உள்ளே வந்ததும் வழக்கம்போலக் காலணியைக் கழற்றினாள். ராஜாவே வந்தாலும் எங்கள் ஊரில் கழற்றித்தானே ஆக வேண்டும்! ஒத்திகையில் சாக்ஸைப் பார்க்க ஒருவருக்கும் தோன்றவில்லை. பச்சை சாக்ஸில் பெரிய ஓட்டை. கட்டைவிரல் முழுசாக வெளியே. கேமராக்காரன், படுபாவி, நேரே அதற்கே போனான். ஊரார் வீட்டுக்கு நொட்டை சொன்னவள் தொலைந்தாள் என்று நினைத்தேன்.

சோல்வெய் குனிந்து பார்த்தாள். "அட, நீங்களும் நம்ம ஆளுதானா!" என்று வெடித்துச் சிரித்தாள்.

குன்வோர் காதுவரை சிவந்தாள். பிறகு மெதுவாக, "வீட்ல ஊசி நூல் இருக்கா?" என்று கேட்டாள்.

இருவரும் தரையில் உட்கார்ந்தார்கள்.

"பச்சைக்கு ஆரஞ்சு நூலா?"

"இருக்கறது அதுதான். பிடிக்கலேன்னா விரலை ஆட்டிக்கிட்டே போங்க."

குன்வோர் கண்ணில் நீர் வரச் சிரித்தாள். திரைச்சீலையைப் பற்றி வாயே திறக்கவில்லை. மூலையில் கிடந்த கால் ஆடும் நாற்காலியை ஏன் வைத்திருக்கிறீர்கள் என்று மட்டும் கேட்டாள். அது தன் புருஷனுடையது என்று சோல்வெய் அவர் கதையைச் சொன்னாள். குன்வோர் தைத்துக்கொண்டே கேட்டாள். நேரம் முடிந்ததே தெரியவில்லை.

வண்டியில் திரும்பும்போது தூர்கெல் போனில் கூப்பிட்டான். நானும் கேட்கட்டும் என்று குன்வோர் ஒலிபெருக்கியில் போட்டாள்.

"அடுத்த வருஷமும் நீதான். ஆனா ஒண்ணு, தயவுசெஞ்சு நல்ல சாக்ஸ் போட்டுக்கிட்டு வந்துடாதே."

அவள் என் தோளில் சாய்ந்து தேம்பித் தேம்பி அழுதாள். அப்பாடா என்றிருந்தது எனக்கு. கொஞ்ச நேரம் கழித்து மூக்கை உறிஞ்சிக்கொண்டே, "பசிக்குதுடி" என்றாள்.