முடிவு சொல்லச் சொல்லி ஒரு வழக்கு

என் அண்ணன் அன்செல்மோவுக்குப் படகு ஓட்டுவதைத் தவிர வேறொன்றும் தெரியாது. பரானா ஆற்றின் தீவுகளில் அது போதும். இங்கே பிள்ளைகள் படகில்தான் பள்ளிக்கூடம் போகிறார்கள். தன் கையாலேயே பலகை அடித்து ஒரு படகு கட்டி, அதற்கு மனைவி இர்மாவின் பெயரை வைத்தான்.

பள்ளிப் படகுக்கு மாகாண அரசு டெண்டர் விட்டபோது அண்ணன்தான் குறைந்த விலை கேட்டிருந்தான். ஜாமீனாகப் படகையே ஈடு வைத்தான். உறைகளைப் பிரித்தார்கள், வாசித்தார்கள், அத்தோடு சரி. கோப்பு ஒரு மேசையில் போய் உட்கார்ந்துகொண்டது.

மாதம் தவறாமல் தலைநகருக்குப் போனான். அங்கே ஒல்கா என்றொரு எழுத்தர். நல்ல பொம்பளைதான், பாவம். கையெழுத்து இன்னும் வரவில்லை என்பாள், மாத்தே இலை போட்ட குடுவையில் சுடுநீர் ஊற்றிக் குடிக்க நீட்டுவாள். எங்கள் ஊரில் குடுவையைத் திருப்பிக் கொடுக்கும்போது நன்றி சொன்னால், போதும், இனி எனக்கு வேண்டாம் என்று பொருள். அண்ணன் ஒரு நாளும் அங்கே நன்றி சொன்னதில்லை. வயிறு உப்பக் குடித்துவிட்டு வருவான்.

இதற்குள் டீசல் விலை எங்கேயோ போய்விட்டது. என் கடையில் டீசல் விலைச்சீட்டைப் பென்சிலால்தான் எழுதுவேன், அழித்து அழித்துத் தாள் கிழிந்துவிடும். இர்மா, டெண்டரை வாபஸ் வாங்கிவிடலாம், படகாவது மிஞ்சும் என்றாள். இவ்வளவு நாள் காத்திருந்துவிட்டு இப்போதா என்று அண்ணன் முறைத்தான்.

வாபஸ் வாங்காமல் வக்கீல் சூலியானியிடம் போனான். அரசு இழுத்தடித்தால் அதற்கென்றே ஒரு மனு உண்டாம். அந்த அம்மாள் ஒளிக்காமல்தான் சொன்னாள்.

"இதைக் குடு, அதைக் குடுன்னு ஜட்ஜ் சொல்ல மாட்டாரு. முடிவு எடுங்கன்னு மட்டும்தான் சொல்லுவாரு. புரியுதா?"

அண்ணன் தலையாட்டினான். அவன் காதில் ஜட்ஜ் என்பது மட்டும்தான் விழுந்திருக்கும். ஜனவரி முழுக்கக் கோர்ட்டுக்கு விடுமுறை, அதையும் பொறுத்துக்கொண்டான். பிப்ரவரியில் உத்தரவு வந்தது: பத்து நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும். அன்று பெரிய மீன் ஒன்றைச் சுட்டு, ஒயின் குடித்து, கூத்தடித்தோம். நானும்தான் ஆடினேன், முட்டாள்.

சொன்ன கெடுவுக்குள் முடிவு சொன்னார்கள். டெண்டர் அண்ணனுக்கே. விலை? அன்றைக்கு உறைக்குள் அவன் எழுதிக் கொடுத்த அதே விலை.

தலைநகருக்கு அவனோடு நானும் போயிருந்தேன். அந்தக் காசுக்கு டீசல்கூட வாங்க முடியாது என்று அவன் மன்றாடினான். ஒல்கா தலையைக் குனிந்துகொண்டே பேசினாள்.

"நீங்கதானேய்யா கோர்ட்டுக்குப் போயி முடிவு கேட்டீங்க? வேணாம்னு நெனச்சிருந்தா அப்பவே வாபஸ் வாங்கியிருக்கலாமே. இப்ப மாட்டேன்னா ஜாமீன் போயிரும்."

மாட்டேன் என்றால் படகு இன்றைக்கே போகும். சரி என்றால் கொஞ்சம் கொஞ்சமாகப் போகும். சூலியானி அடுத்த வழக்குப் போடலாம் என்றாள், அது எத்தனை வருஷம் என்று அவளுக்கே தெரியவில்லை. அண்ணன் கையெழுத்துப் போட்டான். ஒல்கா குடுவையை நீட்டினாள். குடித்துவிட்டுத் திருப்பிக் கொடுக்கும்போது, "நன்றிம்மா" என்றான். அவள் முகம் சுண்டிவிட்டது.

குளிர்காலம் வரைக்கும் ஓட்டினான். டீசலை நான்தான் கடனாகக் கொடுத்தேன், என்னாலும் ஓரளவுக்குமேல் முடியவில்லை. ஒரு திங்கட்கிழமை படகு கிளம்பவில்லை. பிள்ளைகள் துறையில் நின்றார்கள். ஒப்பந்தம் முறிந்தது, ஜாமீன் என்று படகு ஏலத்துக்குப் போனது.

எடுத்தவன் தலைநகர்க்காரன். பிள்ளைகள் காத்திருக்க முடியாதே என்று அரசு ஒரே வாரத்தில், டெண்டர் எதுவும் இல்லாமல், இன்றைய விலைக்கு அவனை அமர்த்திக்கொண்டது. அவனுக்கு இந்த ஆற்றின் மணல்மேடு தெரியாது, ஓட்ட ஆள் வேண்டும். வேறு யார், என் அண்ணன்தான்.

இப்போது காலையில் அவன்தான் ஓட்டுகிறான். படகிலிருந்த பெயரின்மேல் பச்சை வண்ணம் அடித்திருக்கிறார்கள். இர்மா துறைப் பக்கமே வருவதில்லை. போன வாரம் என் கடைக்கு வந்து உட்கார்ந்திருந்த அண்ணன் திடீரென்று கேட்டான்.

"அந்த மனு மட்டும் போடாம இருந்திருந்தா, இன்னமும் காத்துக்கிட்டுதானே இருந்திருப்பேன், இல்ல?"

ஆமாண்ணே என்றேன்.

"படகு இருந்திருக்கும்ல," என்றான்.