சைலன்சர் டிப்பும் காய்ந்த மிளகாயும்

வண்டி ஓடுவதற்கு எந்த வகையிலும் உதவாத சாமான்களை வண்டியில் மாட்டிவிடுவதுதான் எங்கள் தொழில். அதில் முதல் இடம் சைலன்சர் டிப்புக்கு. புகை வருகிற குழாயின் நுனியில் மாட்டும் எவர்சில்வர் பளபளப்பு, அவ்வளவுதான். அல்லிநகரத்தில் எங்கள் கடை. என் வீட்டுக்காரர் சீட் கவர் தைப்பார். வண்டிக்கு அடியில் சாக்கை விரித்துப் படுத்து டிப் மாட்டுவது நான். "ஒரு மாசம் பாப்போம். ஒரு கம்ப்ளெய்ண்ட் வந்தாலும் பழையபடி கல்லாவுக்குப் போயிரணும்" என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டார். எனக்குக் கல்லாவில் உட்கார்ந்தால் கொட்டாவிதான் வரும். கடை வைத்துப் பிழைக்கும் மக்களே, வீட்டுக்காரரே முதலாளியாகவும் இருந்தால் என்ன பாடு என்று உங்களுக்குச் சொல்லவா வேண்டும்!

ஆள் எங்க?

முதல் வாரமே கம்பத்துத் திராட்சைத் தோட்டக்காரர் ஒருவர் வெள்ளைக் காரில் வந்தார். இருப்பதிலேயே பெரிய டிப்பை எடுத்துக்கொண்டு, என்னைத் தாண்டி உள்ளே எட்டிப் பார்த்தார். "மாட்டுற ஆள் எங்க?" நான்தான் என்றேன். முகம் சுருங்கிவிட்டது. குழாய்ச் சூட்டோடு இறுக்கினால் ஆறினதும் டிப்பைப் பிடிக்கிற கிளாம்பு லூசாகிவிடும் என்று அரை மணி நேரம் வேறு காக்க வைத்தேன். அதற்கும் முணுமுணுத்தார்.

முடித்ததும் இரண்டு கையாலும் பிடித்து ஆட்டிப் பார்த்தார். அசையவில்லை. நாலு நல்ல வார்த்தை வரும் என்று பல்லைக் காட்டிக்கொண்டு நின்றேன். வந்தது இதுதான்: "ஏத்தா, மாசக் கடைசியில வீட்டு ஆளுக அத்தன பேரையும் ஏத்திக்கிட்டு மலைக்குப் போறேன். வழியில கழண்டு விழுந்துச்சு, கடை வாசல்ல வந்து நிப்பேன்."

கோம்பை நாய்

அடுத்து கோம்பையிலிருந்து ஒரு வாத்தியார். ஒரே நிபந்தனை, சத்தம் மாறக் கூடாது. வண்டிச் சத்தம் தெருமுனையில் கேட்டதுமே அவர் நாய் வாசல் கேட்டுக்கு ஓடி வருமாம். சத்தம் மாறினால் அவரையே உள்ளே விடாதாம். கோம்பை நாயின் முரட்டுக் காவலைத் தெரிந்தவர்கள் இதற்குச் சிரிக்க மாட்டார்கள். டிப் அழகுக்குத்தான், சத்தத்தைத் தொடாது என்று அடித்துச் சொல்லி மாட்டி அனுப்பினேன்.

மறுநாளே போன். சத்தம் சரியாம், ஆனால் நாய் டிப்பில் தன் மூஞ்சியைப் பார்த்துவிட்டுக் காலையிலிருந்து குரைத்துத் தள்ளுகிறதாம். பளபளப்பில்லாத கறுப்பு டிப் மாற்றித் தருகிறேன் என்று சொல்லிவிட்டுப் பயந்துகொண்டே வீட்டுக்காரரைப் பார்த்தேன். தையல் மிஷினிலிருந்து தலையைத் தூக்காமலே சொன்னார்: "நாய் சொல்றதெல்லாம் கம்ப்ளெய்ண்ட்டுல சேராது, போ."

போடி மெட்டில் புகை

மாசக் கடைசியில் அந்தத் தோட்டக்காரர் போன் போட்டார். பேச்சுக்கு முன்னால் இருமல்தான் வந்தது. போடி மெட்டு மலை ஏற்றத்தில் வண்டியின் பின்பக்கம் புகையாம். "நீ மாட்டுன எடத்துலதான் எரியுது! எல்லாரும் எறங்கி ரோட்டுல நிக்கிறாக, ஒடனே வா!" வீட்டுக்காரர் பைக்கை எடுத்தார். வழி நெடுகக் கல்லாதான் கண்ணுக்கு முன்னால் நின்றது.

போய்ப் பார்த்தால், மொத்தக் குடும்பமும் தும்மி ஓய்ந்து மூக்கைச் சிந்திக்கொண்டிருக்கிறது. குனிந்தேன். அட கடவுளே! டிப்பில் கருகின கறுப்புக் கயிறு, வெந்த எலுமிச்சம்பழம், காய்ந்த மிளகாய்! வருகிறவன் போகிறவன் கண்ணெல்லாம் டிப்பில்தான் விழுகிறது என்று, முன்பக்கம் கட்ட வேண்டிய திருஷ்டிக் கயிற்றைத் தோட்டக்காரரின் மனைவி அங்கே கட்டியிருக்கிறார். ஏற்றத்தில் குழாய் கொதித்து, மிளகாய் வறுபட்டு, நெடி கிளம்பிவிட்டது.

தோட்டக்காரர் மனைவியை ஒரு பார்வை பார்த்தார். அந்தம்மா மலையைப் பார்த்தார். தோட்டக்காரர் அந்தக் கோபத்தில் டிப்பை ஓங்கி ஒரு உதை விட்டார். அசையவே இல்லை. அப்புறம் என் வீட்டுக்காரர் பக்கம் திரும்பிச் சொன்னார்: "கயிறு எரிஞ்சிருச்சு, பழம் வெந்திருச்சு, தங்கச்சி மாட்டுனது மட்டும் அப்படியே நிக்கிது. இனி எங்க வீட்டு வண்டி அத்தனைக்கும் தங்கச்சிதான்யா மாட்டணும்."

திருஷ்டி கழிவதெல்லாம் நிஜமோ பொய்யோ, அன்றைக்கு அவ்வளவு மிளகாய் எரிந்ததில் என் வேலை மேல் இருந்த கண்ணு கழிந்துவிட்டது.