நான் ரிஜெக்ட் செய்த பிஸ்கட்

ஓசூர் பக்கத்து மத்திகிரியில் நாங்கள் வாடகைக்கு இருந்தபோது என் மனைவிக்கு ஏழாம் மாதம். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், "பட்டர் பிஸ்கட் சாப்பிடணும் போல இருக்கு. பஸ் ஸ்டாண்டு பக்கத்து பேக்கரியில வாங்கிட்டு வாங்க" என்றாள்.

வாங்கி வந்திருந்தால் பத்து நிமிடத்தில் முடிந்திருக்கும். ஆனால் நான் ஓசூரில் ஒரு கம்பெனியில் குவாலிட்டி இன்ஸ்பெக்டர். மைதா, சர்க்கரை, வெண்ணெய் என்று மூன்றே பொருளில் செய்வதை நெட் சென்டரில் படித்து, ஒரு தாளில் எழுதியும் வைத்திருந்தேன்.

"கடையில டால்டா போடுவான். நானே செஞ்சு தரேன்" என்றேன்.

அவள் என்னை மேலும் கீழும் பார்த்தாள். அதுவரை நான் சமையலறையில் செய்த பெரிய வேலை சிலிண்டர் மாற்றியதுதான்.

வீட்டுக்கார அம்மா மாடு வைத்திருந்தார். அவரிடமே வெண்ணெய் வாங்கினேன். கட்டியாக இருந்ததைப் பிசையச் சோம்பல்பட்டு, உருக்கி மாவில் ஊற்றினேன். டம்ளரால் வட்டம் வட்டமாக வெட்டி, ஒவ்வொன்றின் தடிமனையும் கம்பெனியில் பயன்படுத்தும் வெர்னியர் அளவுகோலை வைத்து அளந்தேன். மணல் பரப்பிய குக்கருக்குள் தட்டை வைத்து மூடினேன். திறந்தபோது எட்டு பிஸ்கட்டும் சேர்ந்து ஒரே அடையாகக் கிடந்தன.

எட்டிப் பார்த்த வீட்டுக்கார அம்மா தெலுங்கு வாடைத் தமிழில் கேட்டார்: "ஏம்ப்பா, வெண்ணெய காய்ச்சினியா? ஓடாம இன்னா பண்ணும்? கெட்டியாவே போட்டுப் பிசை."

இரண்டாவது முறை அப்படியே செய்தேன். வட்டங்கள் கலையவில்லை. ஆனால் விரலால் அழுத்தினால் பொதபொதவென்று அமுங்கின. வேகவில்லை என்று முடிவு செய்து இன்னும் கால் மணி நேரம் வைத்தேன். கருகிக் கல்லாக வந்ததைக் கடித்ததில் என் பல் வலித்தது. வீட்டுக்கார அம்மா அவற்றை மாட்டுத் தொட்டியில் போட்டார். மாடு முகர்ந்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டது.

மூன்றாவது தட்டுக்கு மனைவியே வந்துவிட்டாள். ஓரம் லேசாகச் சிவந்ததும் அடுப்பை அணைத்தாள்.

நான் அழுத்திப் பார்த்துவிட்டு, "இது ரிஜெக்ட். உள்ள பச்சையா இருக்கு" என்றேன்.

"ஆறினா தானா மொறுமொறுன்னு ஆயிடும். கையை எடுங்க."

"நான் பத்து வருஷமா இன்ஸ்பெக்‌ஷன்ல இருக்கேன்."

"பிஸ்கட்டுக்கா?"

நான் கோபித்துக்கொண்டு வாசலில் போய் நின்றேன். கொஞ்ச நேரத்தில் உள்ளே மொறுக்கென்று சத்தம் கேட்டது. ரோஷத்தை ஐந்து நிமிடம் காப்பாற்றிவிட்டுப் போனேன். அதற்குள் நான்கு தீர்ந்திருந்தன. ஐந்தாவதைப் பாதியாக உடைத்து என் கையில் கொடுத்தாள். வாயில் போட்டதும் கரைந்தது. அவள் முகத்தைப் பார்க்கக் கூச்சமாக இருந்தது.

மறுநாள் மிச்சத்தை டிபன் பாக்ஸில் வைத்துக் கம்பெனிக்கு எடுத்துப்போனேன். டீ இடைவேளையில் நானே செய்ததாகச் சொன்னேன். எல்லோரும் நம்பிவிட்டார்கள். ஒன்பதாம் மாத வளைகாப்புக்கு வந்த ஷிப்ட் இன்சார்ஜ், "சார் கையில என்னா பக்குவம்மா" என்று என் மனைவியிடம் பாராட்டினார்.

அவள் கைநிறைய வளையலோடு என்னைத் திரும்பிப் பார்த்தாள். "ஆமாங்க. மாடுகூடத் தொடலை" என்றாள்.