நூற்றில் ஒரு எறும்பு

உள்ளங்கை அளவு வீடியோ விளையாட்டுப் பெட்டி. அட்டையில் ‘நூறு விளையாட்டுகள்’ என்று கொட்டை எழுத்தில் போட்டிருக்கும். உள்ளே உருப்படியானவை ஒன்பது. மீதித் தொண்ணூற்றொன்றும் பெயின்டரின் கைங்கரியம்.

பெயின்டர் என்றால் சுவருக்கு வெள்ளையடிப்பவன் இல்லை. கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, பலூன் உடைக்கிற விளையாட்டில் பலூனை ஆப்பிளாக்குவான். ஆப்பிளை மீனாக்குவான். மீனுக்கு மூக்குக்கண்ணாடி மாட்டுவான். ஆயிற்று, நாலு விளையாட்டு. இந்தப் பித்தலாட்டத்துக்குத்தான் பதினோரு வருடமாகக் குளித்துத் தலைவாரிக்கொண்டு வருகிறான். வாங்குகிறவர்களைப் பற்றிப் பேச்செடுத்தால் மட்டும் உதட்டைச் சுழிப்பான். எதைக் கொடுத்தாலும் பொத்தானை அமுக்கிக்கொண்டிருக்கிற கும்பலாம்.

அவனுக்கென்று ஒரு விளையாட்டு இருந்தது. சாப்பாட்டு இடைவேளைகளில் இரண்டு வருடம் ஒளித்து ஒளித்துச் செய்தது. ஓர் எறும்பு, ஒரு சர்க்கரைத் துணுக்கு, ஓர் ஈரச்சுவர். அவசரப்பட்டு அமுக்கினால் சர்க்கரை கரைந்துவிடும். பொறுத்திருந்தால் எறும்பு தானே வழி கண்டுபிடித்து ஏறும். அவன் மனைவி மட்டும்தான் ஆடியிருந்தாள். துணிக்கடையில் நாளெல்லாம் நின்று கால் வீங்கி வருகிறவள், எறும்பு உச்சிக்குப் போனதும் வாய்விட்டுச் சிரித்தாள்.

“இத யாரும் கெடுத்துடாம பாத்துக்கங்க,” என்றாள்.

அந்த எறும்பு அப்படியே, ஒன்றே ஒன்றாக, பெட்டிக்குள் போக வேண்டும். அவன் ஆசைப்பட்டது அவ்வளவுதான். மூன்று நாள் தயங்கிவிட்டு முதலாளியிடம் காட்டினான். எந்த விளையாட்டையும் அரை நிமிடத்துக்குமேல் பார்க்காத மனிதர், கால் மணி நேரம் தலை நிமிரவில்லை. பெயின்டருக்கு உச்சி குளிர்ந்துபோனது.

“பிரமாதம்ப்பா. இதையே பன்னெண்டா ஆக்கிடு.”

முடியாது என்று சொல்லத்தான் வாயைத் திறந்தான். பதினோரு வருடப் பழக்கம் முந்திக்கொண்டது.

“எறும்ப மட்டும் மாத்தினா போதுமா சார், சுவரையும் மாத்தணுமா?”

மதியத்துக்குள் முடித்துவிட்டான். வண்டு ஏறியது, நத்தை ஏறியது, தொப்பி போட்ட தவளை ஏறியது. கறுப்பு எறும்பு திரையில் எடுபடவில்லை என்று அதற்கும் மஞ்சள் பூசினான். அதை அவனிடம் யாரும் கேட்கவில்லை.

பெட்டி தயாராகி வந்த அன்று பெருமையாக மனைவியிடம் நீட்டினான். அவள் ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தாள்.

“இதுல நம்ம எறும்பு எங்க?”

“எல்லாமே அதுதான்,” என்றான், கொஞ்சமும் கூசாமல்.

அவள் பெட்டியின் திரையை அணைத்து, அதை அவன் மடியில் வைத்துவிட்டு, வீங்கிய காலை நீவிவிட்டுக்கொள்ள ஆரம்பித்தாள்.