ஒடிசாவுக்குப் போன ஆறடி லேத்து

எங்கள் வீதியில் இன்றைக்கு இரும்பு கடையும் லேத்து பட்டறை வைத்திருப்பவர்களில் முக்கால்வாசிப் பேர் என்னிடம் வேலை பழகியவர்கள். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை என்று எழுதினால் அது பொய். பெருமைக்காகத்தான் சொல்கிறேன். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். சூலூர் ரோட்டில் சொந்தக் கட்டடத்தில் பட்டறை போட்டு, அதற்குள்ளிருந்து இத்தனை முதலாளிகளை வெளியே அனுப்பியிருக்கிறேன். இன்ஜினியரிங் காலேஜ் நடத்துகிறவர்கள்கூட இப்படிச் சொல்லிக்கொள்ள முடியாது. அவர்கள் வெளியே அனுப்புவது வேலை தேடுகிறவர்களை.

எங்களுக்குள் ஒரு வழக்கம் உண்டு. கைவேலை நன்றாகத் தெரிந்த ஆள் ஒருவன் தனியாகத் தொழில் தொடங்கப் போகிறேன் என்று வந்து நின்றால் முதலாளி முகம் சுளிக்கக் கூடாது. தன்னிடம் இருக்கும் பழைய லேத்து ஒன்றை அவனுக்கு விட்டுக்கொடுக்க வேண்டும். பணத்தை முடிந்தபோது தருவான். லேத்தோடு முதல் ஜாப்பும் போகும். பம்ப் கம்பெனி நமக்குக் கடையக் கொடுக்கும் ஷாஃப்டுகளில் ஒரு பங்கை அவனுக்குப் பிரித்து விடுவதுதான் அது. மாதிரிக்கு ஒரு ஷாஃப்டை மஞ்சள் துணியில் சுற்றி லேத்தின் மேல் வைத்து அனுப்புவோம். எனக்கு என் முதலாளி அப்படித்தான் கொடுத்தார். நானும் கை நிறையக் கொடுத்தேன்.

கொடுத்ததன் பலன், வீதி முழுக்கப் பட்டறை. எல்லாப் பட்டறைக்கும் அதே கம்பெனி, அதே ஷாஃப்டு. கம்பெனியின் பர்ச்சேஸ் ஆபீசர் போன் போட்டால் ஒரே பாட்டுத்தான். “பக்கத்துப் பட்டறைல இன்னும் கொறச்சுக் கடைஞ்சு தர்றேங்கறாங்க, நீங்க என்ன சொல்றீங்க?” பக்கத்துப் பட்டறைக்காரன் யார்? நான் லேத்து கொடுத்தவன். அவனுக்குப் போன் போட்டு என் பட்டறையைச் சொல்வார். இப்படியே கூலி ஏறாமல் நின்றுவிட்டது. கரண்டு பில் மட்டும் நிற்கவில்லை. மெஷின் ஓடினாலும் ஓடாவிட்டாலும் நிலைக்கட்டணம் கட்டியாக வேண்டும்.

ஒருமுறை எங்கள் சங்கத்துக் கட்டடத்தில் சென்னையிலிருந்து ஒருவர் வந்து திரையில் படம் காட்டிப் பேசினார். நாடு வளர்கிறது, இந்த வட்டாரம் அதைவிட வேகமாக வளர்கிறது என்று ஒரு கோட்டைக் காட்டினார். கோடு மேலே மேலே போயிற்று. அதில் நான் எங்கே நிற்கிறேன் என்று தேடிப் பார்த்தேன். பக்கத்து நாற்காலிக்காரன் காதில் சொன்னான்: “அந்தக் கோடு நம்ம கரண்டு பில்லாட்டவே இருக்குதுங்ணா.” சிரிப்பை அடக்க முடியவில்லை. வெளியே வந்தபோது சிரிப்பு இல்லை, அசதிதான் இருந்தது.

அந்த அசதியோடு நான் இருந்த நாட்களில்தான், என்னிடம் பல வருஷமாக வேலை செய்த ஒடிசாக்காரன் ஊருக்குப் போய்விட்டுத் திரும்பி வந்தான். என் பட்டறையில் அவனைப் போல லேத்து ஓட்டும் டர்னர் இல்லை. அவன் பேசுவதைக் கேட்டால் சென்னிமலைப் பக்கம் பிறந்தவன் என்பீர்கள். என் பேரனுக்கே இத்தனை ‘ங்க’ வராது.

“மொதலாளி, ஒரு சமாச்சாரம் பேசோணுங்க.”

“சம்பளமா?”

“இல்லீங்க. ஊருக்குப் போறனுங்க.”

“இப்பத்தான போயிட்டு வந்தே?”

“இந்தத் தடவ போனா வாரதில்லீங்க.”

அவன் ஊர்ப் பக்கமெல்லாம் இப்போது கரண்டு வந்து, போர் போட்டு, தோட்டத்துக்குத் தோட்டம் மோட்டார் ஓடுகிறதாம். ஷாஃப்டு தேய்ந்தால் மடியில் வைத்துக்கொண்டு பஸ் ஏறி டவுனுக்குப் போகிறார்களாம். சுற்று வட்டாரத்தில் லேத்து கிடையாது. மனைவி மக்களும் அங்கேதான். சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டான்.

“பழசுல ஒண்ணு எனக்கு உடுவீங்களா?”

வழக்கம் அவனுக்கும் தெரியும். மற்றவர்கள் பட்டறை திறந்தபோது தேங்காய் உடைத்தவனே அவன்தான். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். அவன் போனால் என்னுடைய நல்ல மெஷின்கள் சும்மா நிற்கும். உள்ளூர்ப் பையன்கள் யாரும் இரும்புத் தூசிக்கு வருவதில்லை.

சாயங்காலம் பேக்கரிக்கு டீ குடிக்கப் போனால் அங்கே என் பழைய ஆட்கள், அதாவது இந்நாள் முதலாளிகள், பஞ்சாயத்துக்குத் தயாராக நின்றார்கள்.

“ஏனுங்ணா, அந்த ஒடிசாக்காரனுக்கு லேத்து தர்றீங்களாமா?” என்று ஆரம்பித்தான் என் பக்கத்துப் பட்டறைக்காரன்.

“ஏன், உனக்குத் தரலியா?”

“நான் நம்மூர்க்காரனுங்ணா!”

“நீயும் இதே மாரி கையப் பெசஞ்சுட்டுத்தான் வந்து நின்னே.”

மற்றவர்கள் சிரித்தார்கள். அவன் சிரிக்கவில்லை.

“சிரிக்காதீங்கப்பா. அங்க கூலி கம்மி, எடம் சல்லிசு. இவுரு இன்னைக்கு லேத்தத் தாட்டி உடுவாரு. நாளைக்குக் கம்பெனிக்காரன் லாரிய அங்க திருப்புனான்னா, நாம இங்க உக்காந்து பப்ஸு தின்னுட்டிருக்கோணும்.”

“இப்ப என்ன பண்ணிட்டு இருக்கறே?” என்றேன். அவன் கையில் பாதி பப்ஸ் இருந்தது.

வாயடித்து வந்துவிட்டேனே தவிர அவன் சொன்னது தப்பு என்று எனக்குத் தோன்றவில்லை. நாங்கள் தலையெடுத்த காலத்தில் வடக்கே பெரிய பெரிய ஊர்களில் இப்படித்தான் எங்களைப் பார்த்துப் பயந்திருப்பார்கள். குறைந்த கூலிக்கு வேலை செய்துதானே நாங்கள் முன்னுக்கு வந்தோம்? இப்போது எங்களைவிடக் குறைந்த கூலிக்கு ஒருவன் செய்வான். அதற்குப் பிறகு அவனைவிடக் குறைவாக இன்னொருவன். யோசிக்க யோசிக்க, ஓடாமலே கால் வலித்தது.

ஆனால் கேட்டவனுக்கு இல்லை என்று சொன்ன முதலாளி என்று ஒரு பெயர் எனக்கு வேண்டாம். எந்த மாநிலத்துக்காரனுக்கு என்று வழக்கத்தில் யாரும் பிரித்து வைக்கவில்லை. மறுநாள் காலையில் அவனைக் கூப்பிட்டு என் பழைய ஆறடி லேத்தை எடுத்துக்கொள்ளச் சொன்னேன். அவன் கண் கலங்கியது. எனக்கும் என் பெருந்தன்மையை நினைத்துக் கொஞ்சம் கலங்கியது.

“ஜாப்பும் தர்றேன் கண்ணு. லாரில ஷாஃப்டு அனுப்பறேன், கடைஞ்சு திருப்பி அனுப்பு. நான் கம்பெனில பேசிக்கறேன்” என்றேன்.

அவன் தயங்கினான்.

“வேண்டாமுங்க மொதலாளி.”

“என்ன வேண்டாம்? ஜாப் இல்லாம அங்க உக்காந்து ஈ ஓட்டுவியா?”

“மோட்டாரு கெட்டுப்போனா அவங்களே தூக்கிட்டு வருவாங்கங்க. நடுவுல கம்பெனி எதுக்குங்க?”

மரியாதைக் குறைவாக ஒன்றும் சொல்லவில்லை. ஆனாலும் எனக்குச் சுருக்கென்றது. இத்தனை பேருக்கு லேத்து கொடுத்திருக்கிறேன், முதல் ஜாப்பை வேண்டாம் என்று ஒருவனும் சொன்னதில்லை. கோபத்தில் வழக்கத்தை விடக் கூடாதென்று மஞ்சள் துணியில் சுற்றிய மாதிரி ஷாஃப்டை அவன் கையில் திணித்தேன். கண்ணில் ஒற்றிக்கொண்டு டூல் பெட்டிக்குள் வைத்தான்.

லேத்தை ஏற்றுகிற அன்று, பேக்கரியில் கத்தியவன்தான் முதல் ஆளாகக் கடப்பாரையோடு வந்தான்.

“பாத்து ஏத்துங்கப்பா, கீழ போட்டுராதீங்க” என்றேன்.

“போட்டர்லாமான்னுதான் பாக்கறனுங்ணா” என்று சொல்லிக்கொண்டே தோளைக் கொடுத்தான். லாரி நகர்ந்ததும் ஒடிசாக்காரனிடம், “போன் பண்ணுப்பா” என்று சத்தம் போட்டுச் சொன்னவனும் அவன்தான்.

அதற்குப் பிறகு ஓடாமல் நின்ற மெஷின்களுக்கு உறை போட்டேன். பர்ச்சேஸ் ஆபீசர் வழக்கம்போல் கூப்பிட்டார், கூலியை இன்னும் கொஞ்சம் குறைக்கச் சொன்னார். சண்டை போட முடியவில்லை. சரிங்க என்று சொல்லிவிட்டேன்.

சில வாரம் கழித்து ஒரு மத்தியானம் போன். பின்னால் என் லேத்து ஓடும் சத்தம். அதை ஆயிரம் மெஷினுக்கு நடுவிலும் கண்டுபிடித்துவிடுவேன்.

“மொதலாளி, மொத ஷாஃப்டு கடைஞ்சுபோட்டனுங்க. அதக் கொண்டாந்த தோட்டக்காரரு பக்கத்துலயே நிக்கறாருங்க. எவ்வளவு கேக்கட்டுங்க?”

சொல்லலாம் என்று வாயைத் திறந்தேன். லேத்தில் கை வைத்த நாளிலிருந்து கூலியைக் கம்பெனிதான் சொல்லும். நான் முனகியிருக்கிறேன், திட்டியிருக்கிறேன், கடைசியில் தலையாட்டியிருக்கிறேன். இன்ன விலை என்று நானாகச் சொன்னது ஒருநாளும் கிடையாது.

“மொதலாளி, லைன்ல இருக்கறீங்களா?”

“இருக்கறேன் கண்ணு. நீ என்ன நெனைக்கறே?”

அவன் ஒரு தொகையைச் சொன்னான். அதே வேலைக்கு எனக்குக் கிடைப்பதைப் போலப் பல மடங்கு.

“சாஸ்தியாங்க?”

“இல்ல. கேளு.”

போனைக் கையில் வைத்துக்கொண்டே அவன் பாஷையில் அந்தத் தோட்டக்காரரிடம் கேட்டான். அவர் ஏதோ சொன்னார். இவன் ஏதோ சொன்னான். அந்தப் பாஷை எனக்குத் தெரியாது. ஆனால் பேரம் நடக்கிறது என்பது குரலிலேயே தெரிந்தது. அவர் சத்தம் போட்டார், இவன் விட்டுக்கொடுக்கவில்லை, பிறகு கொஞ்சம் இறங்கினான், இரண்டு பேரும் சிரித்தார்கள். என்னை மறந்துவிட்டான் போலிருந்தது. நான் உறை போட்ட மெஷின் மேல் சாய்ந்துகொண்டு, போனை வைக்காமல் கேட்டுக்கொண்டிருந்தேன்.