சைகோன் சுவரில் பன்னிரண்டாவது முகம்

காலை ஆறு மணிக்கு விமானம் இறங்கியது. ஊர்ப் பெயர் ஹோ சி மின் என்று மாறி எத்தனையோ வருஷம். டாக்சிக்காரர் இன்னும் சைகோன் என்றுதான் சொன்னார். த்ருவோங் டின் தெருவுக்கு ஏழு கிலோமீட்டர், இரண்டு லட்சம் டோங். லட்சம் என்றதும் பர்ஸைப் பொத்திக்கொண்டேன். நம் காசில் எழுநூறு ரூபாய்தான்.

போன வருஷம் இங்கே, காரைக்கால் வழிவந்த சவரியின் சாப்பாட்டுக் கடைச் சுவரில் அவர் குடும்பத்தை ஃபிரெஸ்கோவாக வரைந்தேன். சுண்ணாம்புப் பூச்சு ஈரமாக இருக்கும்போதே, வெறும் தண்ணீரில் குழைத்த நிறத்தைத் தீட்டவேண்டும். காயக் காயப் பூச்சு நிறத்தைத் தனக்குள் இறுக்கிக்கொள்ளும். "கழுவினாலும் போகாது" என்று மார்தட்டிவிட்டுப் போனேன். இப்போது அதைப் படம் பிடித்துப் போக வந்திருக்கிறேன். ஊரில் நாலு பேரிடம் காட்டினால் நாலு வேலை கிடைக்குமே!

ஏழேகால். கடைக்குள் நுழைந்ததும் "ஐயையோ!" என்று அலறிவிட்டேன். சவரியின் மனைவி லான் ஸ்டூல்மேல் நின்று, சோப்பு நுரையும் பிரஷ்ஷுமாக என் ஓவியத்தைத் தேய்த்துக்கொண்டிருந்தார். வியட்நாம்காரர்கள் தங்கள் புது வருஷமான டெட்டுக்கு வீடு, கடை எல்லாம் கழுவுவார்களாம்.

"ஏண்ணே பயப்படுறீங்க? நீங்கதானே கழுவலாம்னு சொன்னீங்க?" மாமியாரிடம் கற்ற தமிழ்.

தண்ணீரை அடித்து ஊற்றினார். காரைக்காலிலிருந்து கப்பலில் வந்த பாட்டனார் அசையவில்லை. மாமியார், சவரி, பிள்ளைகள், பதினோரு பேரும் அப்படியே. எனக்குத் தலைகால் புரியவில்லை. லான் வலது மூலைக்கு வந்தார். ஒரே தேய்ப்பு. கண், மூக்கு, உதடு எல்லாம் குழம்பித் தரையில் வழிந்தன.

அது லானின் முகம்.

போன வருஷம் வரைந்த வாரம் முழுக்க எனக்குச் சோறு போட்டவர் அவர். அவரை விட்டுவிட்டேன் என்பது கடைசி நாள்தான் உறைத்தது. காய்ந்த பூச்சை உடைத்து மறுபடி பூச நேரமில்லை, விமானம் பிடிக்க வேண்டும். காய்ந்த சுவர்மேல் பசை கலந்த நிறத்தில் அவரை ஒட்டவைத்துவிட்டு, மூச்சுவிடாமல் போய்விட்டேன்.

"எல்லாரும் இருக்காங்க. நான் மட்டும் ஏண்ணே போயிட்டேன்?"

சத்தம் கேட்டு உள்ளேயிருந்து வந்த சவரி, "சோப்பை அள்ளிப் போட்டியா?" என்று அவரையே கேட்டார். ஆமாம் சோப்புதான் என்று சொல்லித் தப்பியிருக்கலாம். வெட்கக்கேடு, அதுவும் நாக்கு நுனிவரை வந்தது.

"சோப்பு இல்லை. உங்க ஞாபகம் எனக்குக் கடைசியாத்தான் வந்துது. காய்ஞ்ச சுவத்துல வரைஞ்சிட்டேன். மூலையை உடைச்சு, புதுசாப் பூசி வரையறேன்" என்றேன்.

லான் பிரஷ்ஷைக் கீழே வைத்தார். பிறகு சுவரின் நடுவில், சவரிக்கும் மாமியாருக்கும் இடையே விரலை வைத்தார்.

"மூலை வேணாம். இங்க உடைங்க."

"அங்கே உடைச்சா சவரி முகம் பாதி போயிடுமே!"

லான் விரலை எடுக்கவில்லை. சவரி சமையலறைக்குப் போய்ச் சுத்தியலோடு வந்தார். என்னிடம் தருவார் என்று கையை நீட்டினேன். தரவில்லை. முதல் அடியைச் சுவரில் இருந்த தன் முகத்தில் அவரே போட்டார்.